பளிங்கைப் பார்த்து ‘தண்ணீர்’ என்று சொல்லிவிட்டேன்

வாசகியின் கடிதம், சுருக்கமாக

எழுதியவர் 36 வயதான பள்ளி ஆசிரியை. கணவரோடும் ஒன்பது வயது மகளோடும் வாழ்கிறார். 14 மாதங்களுக்கு முன் அவருடைய தாயார் இறந்துபோனார். கடைசி இரவில் மருத்துவமனையில் தாயின் அருகே இருக்க முடியாமல் போனது அவரை இன்றும் வாட்டுகிறது. ஆறுதல் தேடி இணையத்தில் வாசிக்கத் தொடங்கியவர், பண்டைய யூத ரபிகளின் (சமய ஆசான்களின்) ‘மெர்க்காவா’ என்னும் தேர்த் தியானத்தைக் கற்றுத்தருவதாகச் சொன்ன ஒரு கட்டண வகுப்பில் சேர்ந்தார். ஏழு அரண்மனைகளைக் கடந்தால் இறந்தவர்களைக் காணலாம் என்று அங்கே சொன்னார்கள். ரகசியம் காப்பதாக ஆணையிட்டார். 12 நாள் விரதம் தொடங்கி, ரொட்டியும் தண்ணீரும் மட்டும் உட்கொண்டு, தைராய்டு மாத்திரையையும் நிறுத்திவிட்டு, இரவுகளில் தலையை முழங்கால்களுக்கு நடுவே புதைத்தபடி, எழுதித்தந்த பெயர்களை 112 முறை உச்சரித்தார். ஒன்பதாம் நாள் விடியற்காலை மூன்று மணிக்குச் சமையலறையின் பளிங்குத் தரை நீராக அலையடித்தது. ‘தண்ணீர்’ என்று வாய்விட்டுச் சொன்னார்; உடனே தாய் தன்னைச் செல்லப்பெயரால் அழைத்தது காதில் விழுந்தது.

அன்றிலிருந்து ஐந்து வாரங்களாக இரவில் மூன்று மணி நேரத்துக்கு மேல் உறக்கமில்லை. அந்தக் குரல் பகலிலும் இரண்டு முறை கேட்டிருக்கிறது. ஆறாம் வாசலில் ‘தண்ணீர்’ என்றவர் விலக்கப்பட்டவர், பரிகாரத்துக்கு மேலும் பணம் கட்டாவிட்டால் பென் சோமாவைப்போலப் புத்தி பேதலிக்கும், விலகினால் சாபம் மகளைத் தொடரும் என்கிறார் வகுப்பு நடத்துபவர். மருத்துவரிடம் போகலாம் என்கிறார் கணவர். “நான் கண்டது வானுலகமா, பைத்தியமா? எடுத்த ஆணையை முறிக்கலாமா? பாதியில் விட்டால் அம்மாவை இரண்டாம் முறையும் கைவிட்டவள் ஆவேனா?” என்று கேட்டு முடிக்கிறார்.

மனநல மருத்துவரின் பதில்

அன்புள்ள சகோதரிக்கு,

உங்கள் மூன்றாவது கேள்விதான் உண்மையில் முதல் கேள்வி என்று எனக்குப் படுகிறது. அதற்கு வருவதற்குள் அவசரமான ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். விரதத்தையும் இரவுப் பயிற்சியையும் இன்றோடு நிறுத்துங்கள். தைராய்டு மாத்திரையைப் பற்றி அதை எழுதித்தந்த மருத்துவரிடம் இன்றே பேசுங்கள். அந்தக் குரல் உங்களைப் பெயர் சொல்லி அழைப்பதோடு நிற்காமல் எதையாவது செய்யச் சொல்லிக் கட்டளையிட்டால், உயிரை விட்டுவிடலாம் என்ற எண்ணம் ஒரு கணம் வந்தாலும், அல்லது ஓர் இரவு முழுவதுமே உறக்கம் இல்லாமல் போனால், காலை வரை காத்திராமல் அருகிலுள்ள மருத்துவமனையின் அவசரப் பிரிவுக்குக் கணவரோடு போய்விடுங்கள். நடு இரவில் யாரிடமாவது பேச வேண்டும்போல் இருந்தால் 14416 என்ற டெலி மானஸ் (அரசின் மனநல உதவி) எண்ணில் தமிழிலேயே பேசலாம்.

நான் மனநல மருத்துவன். பண்டைய யூத நூல்களை மூலமொழியில் அல்ல, மொழிபெயர்ப்பில், பல ஆண்டுகளாக வாசித்து வருபவன். உங்கள் கடிதத்தில் என்னை மிகவும் உறுத்தியது, நீங்கள் கண்ட காட்சியோ கேட்ட குரலோ அல்ல. எந்த மரபின் பெயரைச் சொல்லி உங்களைப் பயமுறுத்துகிறார்களோ, அந்த மரபே உங்கள் நிலையில் இருப்பவருக்கு நேர் எதிரானதைச் சொல்கிறது என்பதுதான். அதனால் இந்தப் பதிலில் மருத்துவத்தைவிட அந்த நூல்களைப் பற்றியே அதிகம் பேசப்போகிறேன். பொறுத்துக்கொள்ளுங்கள்.

தோட்டத்துக்குள் போன நால்வர்

கி.பி. 70இல் உரோமர்கள் எருசலேம் கோவிலை அழித்த பிறகு, பலிபீடமும் ஆசாரியரும் இல்லாத ஒரு சமயத்தை எப்படித் தொடர்வது என்று யோசித்தவர்கள்தாம் ரபிகள். கற்றலும் வழிபாடும் விருந்தோம்பலும் அன்றாடச் சட்டமும் கோவிலின் இடத்தைப் பிடித்தன. ஆனால் எசேக்கியேல் இறைவாக்கினர் பாபிலோனில் கெபார் ஆற்றங்கரையில் கண்ட காட்சி, நான்கு முகமுடைய உயிர்களும் கண்கள் நிறைந்த சக்கரங்களும் அவற்றுக்கு மேலே ஓர் அரியணையும், அவர்களைத் தூங்கவிடவில்லை. அந்தக் காட்சியைத்தான் ‘தேர்’ என்ற பொருளில் மெர்க்காவா என்றார்கள். சவாரி செய்வதைக் குறிக்கும் எபிரேய வேரிலிருந்து வந்த சொல் அது. ‘மெர் என்றால் ஒளி, கா என்றால் ஆவி, பா என்றால் உடல்’ என்று உங்களுக்குச் சொல்லித்தரப்பட்ட விளக்கம், கடந்த நூற்றாண்டின் பிற்பகுதியில் கிளம்பிய புதுயுக ஆன்மிகத்தின் கண்டுபிடிப்பு. எந்த ரபியும் அதைக் கேட்டிருக்க மாட்டார்.

ஏறத்தாழ கி.பி. 200இல் தொகுக்கப்பட்ட மிஷ்னா என்னும் யூதச் சட்டத் தொகுப்பு, ஹகிகா என்னும் பகுதியில் கடுமையான ஒரு வேலியைப் போடுகிறது: படைப்பின் மறைபொருளை இருவர் முன் விளக்கக்கூடாது; தேரைப் பற்றி ஒருவர் முன்கூட விளக்கக்கூடாது, அவர் தானாகவே உய்த்துணரும் அறிவுடையவராக இருந்தாலொழிய. இந்த வேலியைச் சுற்றித்தான் நீங்கள் கேள்விப்பட்ட நால்வரின் கதை வருகிறது. பென் அஸ்ஸாய், பென் சோமா, ‘வேறொருவன்’ என்ற பொருளில் ஆகேர் என்று அழைக்கப்பட்ட எலிஷா பென் அபூயா, ரபி அக்கிவா ஆகிய நால்வர் ‘பர்தேஸ்’ என்னும் தோட்டத்துக்குள் போனார்கள். மிஷ்னாவை விரித்துரைக்கும் பாபிலோனியத் தல்மூத் சொல்கிறபடி, பென் அஸ்ஸாய் பார்த்தார், இறந்தார். பென் சோமா பார்த்தார், தாக்கப்பட்டார், அதாவது புத்தி தடுமாறினார். ஆகேர் செடிகளை வெட்டினார், அதாவது மரபை விட்டு விலகினார். அக்கிவா மட்டும் நலமாக வெளியே வந்தார். ‘தூய பளிங்குக் கற்களை அடையும்போது தண்ணீர், தண்ணீர் என்று சொல்லாதீர்கள்’ என்று அக்கிவா மற்றவர்களை முன்பே எச்சரித்ததாகவும் அங்கே இருக்கிறது.

உங்கள் ஆசிரியர் இந்த இடத்தில் நிறுத்திக்கொண்டு கட்டணச் சீட்டை நீட்டுகிறார். கதையின் அழுத்தம் விழும் இடத்தை அவர் கவனிக்கவே இல்லை. அக்கிவா என்ன கண்டார் என்று தல்மூத் ஒரு வரி சொல்வதில்லை. எவ்வளவு உயரம் போனார், எத்தனை வாசல் கடந்தார் என்ற கணக்கும் கிடையாது. நலமாக வெளியே வந்தார் என்பதையே அந்தக் கதை முன்னிறுத்துகிறது. தேர்வு உள்ளே போவதில் இல்லை, திரும்பி வருவதில்தான் என்பதை இதைவிட வெளிப்படையாக ஒரு நூல் சொல்ல முடியாது. இதே கதைக்கு அருகில் தொசெஃப்தா என்னும் தொகுப்பு ஓர் உவமை சொல்கிறது: ஒரு பக்கம் நெருப்பு, மறுபக்கம் பனி, நடுவே பாதை, இந்தப் பக்கம் சாய்ந்தால் எரிவாய், அந்தப் பக்கம் சாய்ந்தால் உறைவாய், நடுவே நட.

பென் சோமா சபிக்கப்பட்டவரா?

இங்கே சற்று நிற்கிறேன், ஏனென்றால் ஐந்து வாரமாக நீங்கள் உறங்காமல் கிடப்பது இந்த ஒரு பெயரால்.

தல்மூத் காட்டும் பென் சோமாவைப் பாருங்கள். ரபி யோசுவா பென் அனனியா கோவில் மலையின் படி ஒன்றில் நிற்கிறார். எதிரே வரும் பென் சோமா அவரைக் கண்டும் எழுந்து நின்று வணங்கவில்லை. மூத்தவர் முன் இளையவர் அப்படி நடப்பதில்லை. “எங்கிருந்து எங்கே, பென் சோமா?” என்று கேட்கிறார் யோசுவா. “மேலுள்ள நீருக்கும் கீழுள்ள நீருக்கும் நடுவே பார்த்துக்கொண்டிருந்தேன், இடையில் மூன்று விரல் அகலம்தான் இருக்கிறது, குஞ்சுகளின் மேல் தொட்டும் தொடாமலும் சிறகை விரித்து நிற்கும் புறாவைப்போல” என்கிறார் பென் சோமா. யோசுவா தன் மாணவர்களிடம் திரும்பி, “பென் சோமா இன்னும் வெளியேதான் இருக்கிறான்” என்கிறார்.

மனநல மருத்துவனாக இந்தக் காட்சியைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு வியப்பாக இருக்கும். யோசுவா அந்தக் காட்சி பொய் என்று வாதிடவில்லை, மெய் என்று கொண்டாடவும் இல்லை. எதிரில் வருபவரை அடையாளம் காண முடிகிறதா, வழக்கமான மரியாதை நினைவில் இருக்கிறதா, கேட்ட கேள்விக்கும் சொன்ன பதிலுக்கும் இடையில் எவ்வளவு தூரம் என்பவற்றைத்தான் அவர் கவனித்தார். நாங்கள் இன்று செய்வதும் ஏறத்தாழ அதுவே. உங்கள் கடிதத்தை அப்படிப் பார்த்தால், நீங்கள் மகளுக்குச் சோறு கட்டிக் கொடுத்தனுப்புகிறீர்கள், பாடம் நடத்துகிறீர்கள், நடந்ததைத் தேதி மாறாமல் வரிசையாக எழுதுகிறீர்கள், எல்லாவற்றுக்கும் மேலாக ‘இது பைத்தியமா’ என்று நீங்களே ஐயப்படுகிறீர்கள். நேரில் பார்க்காமல் நோய் இல்லை என்று நான் உறுதி சொல்ல முடியாது. ஆனால் இவை நல்ல அறிகுறிகள்.

அடுத்து, சாபம். தாக்கப்பட்டதாகச் சொல்லப்படும் இந்தப் பென் சோமாவின் சொற்களை யூதர்கள் தூக்கி எறியவில்லை. ‘அறிவுள்ளவன் யார்? எல்லாரிடமிருந்தும் கற்பவன்’ என்பது அவருடைய கூற்று. எகிப்திலிருந்து விடுதலை பெற்றதை இரவிலும் நினைவுகூர வேண்டும் என்ற அவருடைய விளக்கம், இன்றும் பாஸ்கா இரவில் வீடுதோறும் உரக்க வாசிக்கப்படுகிறது. அவர் இறந்தபோது வேத விளக்கம் செய்வோர் அற்றுப்போயினர் என்று மிஷ்னா வருந்துகிறது. கனவில் பென் சோமாவைக் கண்டால் ஞானத்தை எதிர்பார் என்று தல்மூத் சொல்கிறது. விலக்கப்பட்டவரை யாராவது இப்படிப் போற்றுவார்களா?

உண்மையிலேயே விலக்கப்பட்டவர் ஆகேர்தான். ‘எல்லாரும் திரும்பி வாருங்கள், ஆகேரைத் தவிர’ என்று ஒரு வான்குரல் ஒலித்ததாகவே கதை. அவருடைய மகள் என்ன ஆனாள் என்றும் ஹகிகா சொல்கிறது. உங்கள் மகளை நினைத்துக்கொண்டு இதைப் படியுங்கள். தந்தை இறந்த பின் அவள் பசியோடு ரபி யூதாவிடம் வந்து, “எனக்கு உணவு கொடுங்கள்” என்கிறாள். “யார் மகள் நீ?” “ஆகேரின் மகள்.” “அவனுக்கு இன்னும் சந்ததி மிஞ்சியிருக்கிறதா?” என்று அவர் கடுமையாகக் கேட்க, “அவருடைய கல்வியை நினையுங்கள், செயல்களை நினையாதீர்கள்” என்கிறாள் அவள். உடனே வானத்திலிருந்து நெருப்பு இறங்கி ரபி அமர்ந்திருந்த இருக்கையைச் சுட்டது. அவர் அழுதார். நெருப்பு யார் பக்கம் நின்றது, யாரைச் சுட்டது என்பதைக் கவனியுங்கள். தந்தையின் குற்றத்தை மகள் மேல் ஏற்றிப் பேசியவர் மிஷ்னாவைத் தொகுத்த பெரியவரே ஆனாலும் வானம் அதை ஏற்கவில்லை. அப்படியிருக்க, உங்கள் சமையலறையில் நீங்கள் சொன்ன ஒரு சொல்லுக்காக ஒன்பது வயதுக் குழந்தையைச் சாபம் தொடரும் என்பவர் எந்த மரபைப் பேசுகிறார்?

வகுப்பில் சொன்னவற்றில் சரியும் தவறும்

அவர் எல்லாவற்றையும் கற்பனை செய்துவிட்டார் என்று சொன்னால் நான் நேர்மையற்றவன் ஆவேன். ‘ஹெய்க்காலோத்’, அதாவது அரண்மனைகள், என்றழைக்கப்படும் நூல் தொகுதி ஒன்று உண்மையாகவே இருக்கிறது. ஏழு அரண்மனைகள், வாசலுக்கு வாசல் காவல் வானவர்கள், அவர்களிடம் காட்ட வேண்டிய முத்திரைகள் எல்லாம் அதில் உண்டு. 112 என்ற எண்ணும் உண்டு. 12 நாள் விரதம் ஓரிடத்தில், 40 நாள் விரதம் வேறிடத்தில். ஆறாம் வாசலில் ‘இது என்ன தண்ணீர்’ என்று கேட்பவன் மேல் இரும்புத் தண்டுகளை எறிவார்கள் என்ற பயங்கரமும் உண்டு. தலையை முழங்கால்களுக்கு நடுவே வைத்து, தரையை நோக்கிப் பாடல்களை முணுமுணுக்கும் வழக்கத்தை, 1038இல் மறைந்த, பாபிலோனியாவின் பம்பெதித்தா கல்விக்கூடத் தலைவர் ஹாய் காவோன் விவரித்திருக்கிறார்.

தவறு எங்கே என்றால், இதை ரபி அக்கிவாவிலிருந்து 2,000 ஆண்டுகளாக அறுபடாமல் வரும் பயிற்சி என்பதில். ஹெய்க்காலோத் நூல்கள் ரபிகளான அக்கிவா, இஸ்மவேல் ஆகியோரின் வாயில் வைத்துச் சொல்லப்பட்டவை. அவர்கள் எழுதியவை அல்ல. உரோமரின் கையில் அக்கிவா கொல்லப்பட்டு நூற்றாண்டுகள் கழிந்த பிறகே இவை இன்றைய வடிவத்தை அடைந்தன. நமக்குக் கிடைத்துள்ள ஏடுகளில் பெரும்பாலானவை இடைக்கால ஐரோப்பாவில் படியெடுக்கப்பட்டவை, சில துண்டுகள் கெய்ரோவின் பழைய ஜெபக்கூட அறையில் கிடைத்தவை. இவை உண்மையில் செய்துபார்த்த பயிற்சியின் குறிப்புகளா, வேத விளக்கத்திலிருந்து வளர்ந்த இலக்கியமா என்று ஆய்வாளர்கள் இன்னும் வாதிடுகிறார்கள். செஃபிரோத் என்னும் பத்து இறைப் பண்புகளின் படத்தை இதனோடு சேர்த்து உங்களுக்குத் தந்திருக்கிறார்கள். அது 12, 13ஆம் நூற்றாண்டுகளில் தெற்கு பிரான்சிலும் ஸ்பெயினிலும் எழுந்த கபாலா என்னும் யூத மறைஞானம். ஆயிரம் ஆண்டுச் சரக்கை ஒரே மூட்டையில் கட்டி விற்றிருக்கிறார்கள்.

இதைவிட முக்கியமான தவறு ஒன்று இருக்கிறது, அதைச் சொல்ல எனக்குத் தயக்கமாகவும் இருக்கிறது. அந்தப் பயணம் இறந்தவர்களைச் சந்திப்பதற்கானது அல்ல. அரண்மனைகளைக் கடந்து போகிறவர் அங்கே காண்பது அரியணையையும், ‘தூயவர், தூயவர், தூயவர்’ என்று பாடும் வானவர்களையும். அவர் அந்தப் பாடலில் கலந்துகொள்கிறார், திரும்பி வந்து மக்களிடம் சாட்சி சொல்கிறார். அந்தச் சாட்சியும் அழகானது: கீழே மக்கள் ‘தூயவர்’ என்று சொல்லும் நேரத்தில், தன் அரியணையில் பொறித்திருக்கும் யாக்கோபின் முகத்தைக் கடவுள் குனிந்து தழுவி முத்தமிடுகிறாராம். மேலே போனவர் கொண்டுவரும் செய்தி, மேலே இருப்பவரின் கண் கீழேதான் இருக்கிறது என்பது. உங்கள் தாயை ஏழாம் அரண்மனையில் வைத்தது அந்த நூல்கள் அல்ல, வகுப்பின் விளம்பரம்.

இன்னொன்று. அந்த நூல்களில் உள்ள புகழ்பெற்ற ஒரு கதையில் குரு தனியாகப் போவதில்லை. நெகூனியா பென் ஹக்கானா என்ற குரு அரியணைக் காட்சியில் ஆழ்ந்திருக்கும்போது மாணவர்கள் அவர் முன் அமர்ந்து, அவர் சொல்லச் சொல்ல எழுதிக்கொள்கிறார்கள். அவர் சொன்ன ஒன்று புரியவில்லை, அவரைத் திரும்ப அழைத்துத்தான் கேட்க வேண்டும். என்ன செய்கிறார்கள்? சட்டத்தின் பெரும்பான்மைக் கருத்துப்படி தூய்மையானது, மிகக் கடுமையான ஒரு கருத்தின்படி மட்டும் தீட்டு என்று ஐயப்படத்தக்கது, அப்படி மயிரிழை அளவுக்கு ஐயமுள்ள ஒரு மெல்லிய கம்பளித் துணியைத் தயார்செய்து அவருடைய முழங்கால் மேல் மெதுவாக வைக்கிறார்கள். அவ்வளவுதான்; அவருக்குத் தீங்கு எதுவும் இல்லாமல் அரியணை முன்னிலிருந்து அனுப்பப்பட்டு, கண் விழிக்கிறார். அந்தத் தேர்ப்பயணத்தில் திரும்பி வருவதற்கான கயிறு வெளியே இருப்பவர்களின் கையில் இருந்தது. விடியற்காலை மூன்று மணிக்கு, கதவைச் சாத்திக்கொண்டு, ஒன்பது நாள் பட்டினியோடு நீங்கள் இருந்தபோது அந்தத் துணியை யார் வைத்திருந்தார்கள்?

பட்டினியும் உறக்கமின்மையும்

மருத்துவம் இங்கே சொல்ல வேண்டியது சுருக்கமானது. பல நாள் அரைப்பட்டினி, துண்டு துண்டான உறக்கம், இருட்டு, ஒரே ஒலியை மீண்டும் மீண்டும் சொல்லுதல், தலையைத் தாழ்த்தி நெடுநேரம் இருத்தல் ஆகியவை சேர்ந்தால், எந்த மனநோயும் இல்லாதவருக்குக்கூடத் தரை அசையும், ஒளி தெரியும். அதனோடு தைராய்டு மாத்திரை நின்றதும் சேர்ந்திருக்கிறது. இறந்தவர் தன்னைப் பெயர் சொல்லி அழைப்பதாகக் கேட்பது, துயரத்தில் இருப்பவர்களிடம் நாங்கள் அடிக்கடி கேள்விப்படுவது. அது தனியாக நின்றால் நோயின் அடையாளம் ஆகாது. ஆனால் ஐந்து வார உறக்கக் குறைவு சிகிச்சை தேவைப்படும் நிலைதான். இரத்தத்தில் தைராய்டு, சர்க்கரை, உப்புகள் ஆகியவற்றின் அளவைப் பார்க்க வேண்டும். ஓராண்டு கடந்தும் அன்றாட வாழ்வை முடக்கும் துயரத்தை ‘நீடித்த துயரம்’ என்று இப்போது தனியாக இனங்கண்டு, பேச்சுவழிச் சிகிச்சை தருகிறோம். மருத்துவரிடம் போனால் பள்ளிக்குத் தெரிந்துவிடும் என்று அஞ்சுகிறீர்கள். 2017ஆம் ஆண்டு மனநலப் பராமரிப்புச் சட்டம் சிகிச்சை விவரங்களை ரகசியமாக வைத்துக்கொள்ளும் உரிமையை உங்களுக்குத் தருகிறது.

ரபிகள் இதில் என்ன சொன்னார்கள் தெரியுமா? ‘விரதமிருப்பவன் பாவி எனப்படுவான்’ என்றார் சாமுவேல் என்ற பாபிலோனிய அறிஞர். (எல்லா ரபிகளும் இதை ஏற்கவில்லை, தல்மூதில் எதையும் எல்லாரும் ஏற்றதில்லை.) ‘மூன்று நாள் தூங்க மாட்டேன்’ என்று ஆணையிடுபவனைப் பற்றி ரபி யோகனானின் தீர்ப்பு எனக்கு மிகவும் பிடித்தது: அவனுக்குக் கசையடி கொடுங்கள், உடனே தூங்கலாம். பாவமன்னிப்பு நாளின் விரதத்தில்கூட, ‘எனக்குத் தேவை’ என்று நோயாளி சொன்னால், தேவையில்லை என்று நூறு மருத்துவர்கள் சொன்னாலும் அவருக்கு உணவு கொடுக்க வேண்டும் என்பது சட்டம்.

ஆணையும் பணமும்

ஆணை உங்களை உறுத்துகிறது என்பதால், அந்த மரபின் விதியையே சொல்கிறேன். தேரைப் பற்றிய தடை இருக்கும் அதே ஹகிகாவில், அதற்குச் சற்று முன்னால், ‘நேர்ச்சைகளிலிருந்து விடுவிக்கும் சட்டங்கள் ஆகாயத்தில் பறக்கின்றன, ஊன்றி நிற்க இடமில்லை’ என்று மிஷ்னாவே ஒப்புக்கொள்கிறது. வேதத்தில் ஆதாரம் கிடைக்காவிட்டாலும் மனிதரைச் சிக்கலிலிருந்து விடுவிக்க வழி வேண்டும் என்பதற்காக ரபிகள் அந்தச் சட்டத்தை விடாமல் பிடித்துக்கொண்டார்கள். தவறான தகவலின் பேரில் எடுத்த நேர்ச்சையை அவர்கள் நேர்ச்சையாகவே கருதுவதில்லை. மற்றவற்றிலிருந்து விடுவிக்க மூன்று சாதாரண மனிதர்கள் போதும், வானவர்கள் தேவையில்லை. ‘இறந்தவர்களைக் காணலாம்’ என்ற தவறான வாக்கை நம்பி எடுத்த ஆணை உங்களுடையது. நீங்கள் யூதர் அல்ல என்பதால் இந்தச் சட்டம் உங்களைக் கட்டுப்படுத்தாது. ஆனால் உங்களைக் கட்டியிருப்பதாகச் சொல்லப்படும் கயிறும் இதே இடத்திலிருந்து வந்ததுதானே?

பணத்தைப் பொறுத்தவரை மேலும் ஒரு ரூபாய்கூடக் கட்டாதீர்கள். வேதத்தைத் தோண்டும் மண்வெட்டியாக்கிப் பிழைக்காதே என்று ரபி சாதோக் சொன்னதை அந்த ஆசிரியருக்கு நினைவூட்ட வேண்டும்போல் இருக்கிறது. நீங்கள் அதைச் செய்ய வேண்டாம், அவரோடு வாதத்தில் இறங்கவே வேண்டாம். அவர் அனுப்பிய செய்திகள், குரல் பதிவுகள், கட்டணச் சீட்டுகள் எதையும் அழிக்காமல் வைத்திருங்கள். தெய்வக் கோபத்துக்கு ஆளாவாய், உன் குழந்தை ஆளாகும் என்று நம்பவைத்து ஒருவரை ஒரு செயலைச் செய்யவைப்பது, பாரதிய நியாய சன்ஹிதாவின் 354ஆம் பிரிவின்கீழ் (பழைய தண்டனைச் சட்டத்தில் 508) குற்றமாகக் கூடும். உங்கள் வழக்குக்கு அது பொருந்துமா என்பதை ஒரு வழக்கறிஞர் ஆவணங்களைப் பார்த்துச் சொல்ல வேண்டும். முதலில் உடல் தேறட்டும். புகாரை அடுத்த மாதம் யோசிக்கலாம்.

அம்மாவைப் பற்றி

அந்தக் குரல் உங்கள் தாயின் குரல்தானா என்று மருத்துவனாக என்னிடம் கேட்டால், உங்கள் நினைவிலிருந்து வந்த குரல் என்பேன். அதை நீங்கள் ஏற்க வேண்டும் என்று நான் வற்புறுத்தவில்லை. குரல் எங்கிருந்து வந்தாலும் முடிவெடுக்கும் பொறுப்பு கீழே இருப்பவர்களுடையது என்பதில் ரபிகள் மிகப் பிடிவாதமாக இருந்தார்கள். ஓர் அடுப்பு தூய்மையானதா இல்லையா என்ற சட்ட வாதத்தில் எலியேசர் என்பவருக்கு ஆதரவாகக் கரூப் மரம் இடம்பெயர்ந்தது, ஓடை திசைமாறி ஓடியது, கடைசியில் வான்குரலே அவர் பக்கம் பேசியது. நாம் மேலே பார்த்த அதே யோசுவா எழுந்து நின்று, ‘அது வானத்தில் இல்லை’ என்ற வேத வரியைச் சொல்லி அந்தக் குரலை ஏற்க மறுத்தார். கடவுள் சிரித்துக்கொண்டு, ‘என் பிள்ளைகள் என்னை வென்றுவிட்டார்கள்’ என்றாராம். ஆகவே குரல் மீண்டும் கேட்டால் பயப்படாதீர்கள், பின்தொடரவும் செய்யாதீர்கள். ‘கேட்டேன் அம்மா’ என்று சொல்லிவிட்டுக் கையிலிருக்கும் வேலையைத் தொடருங்கள்.

பாதியில் விட்டால் கைவிட்டவள் ஆவேனா என்கிறீர்கள். துக்கம் காப்பதற்கு ரபிகள் வகுத்த முறையில் முதல் விதியே, துக்கத்தில் இருப்பவர் முதல் நாளில் தன் சொந்த உணவை உண்ணக்கூடாது என்பது. பட்டினி கிடக்க வேண்டும் என்பதற்காக அல்ல. அந்த முதல் உணவை அண்டை வீட்டார் கொண்டுவந்து ஊட்ட வேண்டும் என்பதற்காக. பிறகு ஏழு நாள், முப்பது நாள், தாய் தந்தைக்கு மட்டும் பன்னிரண்டு மாதம் என்று அளவு வைத்தார்கள். அளவை மீறி அழுபவரைப் பார்த்து, ‘இறந்தவர் மேல் என்னைவிட உனக்குப் பரிவு அதிகமா?’ என்று கடவுள் கேட்பதாகவும் சொல்லிவைத்தார்கள். கடைசி இரவில் நீங்கள் அங்கே இல்லை என்பதை என்னால் மாற்ற முடியாது. ஆனால் நோயாளியின் கட்டிலுக்கு மேலே ‘ஷெக்கினா’, அதாவது இறைவனின் உடனுறைவு, தங்கியிருக்கிறது என்றும், அதனால் பார்க்க வருபவர் கட்டிலின் மேல் உட்காரக்கூடாது என்றும் தல்மூத் சொல்கிறது. உறவினர் வந்தாலும் வராவிட்டாலும் அந்த இடம் காலியாக இருப்பதில்லை என்றே நான் அதைப் படிக்கிறேன். இது என் வாசிப்புதான். உங்களுக்கு உதவினால் எடுத்துக்கொள்ளுங்கள்.

ரபி யோகனானைப் பற்றி இன்னொரு கதை உண்டு. நோயுற்ற ஒருவரைப் பார்க்கப் போய், “இந்தத் துன்பம் உனக்கு விருப்பமானதா?” என்று கேட்கிறார். “துன்பமும் வேண்டாம், அதற்கான பலனும் வேண்டாம்” என்கிறார் அவர். “கையைக் கொடு” என்று சொல்லிக் கைபிடித்து எழுப்பிவிடுகிறார் யோகனான். பிறகு யோகனானே நோயில் விழுகிறார். வேறொருவர் வந்து, அதே கேள்வியைக் கேட்டு, கைபிடித்து எழுப்புகிறார். மற்றவரை எழுப்பத் தெரிந்தவர் தன்னையே எழுப்பிக்கொள்ளலாமே என்று தல்மூத் கேட்கிறது. சிறையில் இருப்பவன் தன்னைத்தானே விடுவித்துக்கொள்ள முடியாது என்பது பதில்.

உங்கள் கணவர் மருத்துவரிடம் நேரம் வாங்கியிருப்பதாக எழுதியிருக்கிறீர்கள். போங்கள், அவரையும் உள்ளே அழைத்துக்கொண்டு போங்கள். மாத்திரை அட்டையையும் பழைய இரத்தப் பரிசோதனைச் சீட்டையும் எடுத்துக்கொள்ளுங்கள். விரதம் எத்தனை நாள், உறக்கம் எத்தனை மணி நேரம், குரல் எந்தெந்தத் தேதியில் கேட்டது என்று எனக்கு எழுதியதைப்போலவே அவருக்கும் ஒரு தாளில் எழுதிக் கொடுங்கள். கிளம்புவதற்கு முன் வயிறு நிறையச் சாப்பிடுங்கள். அன்றைக்கு மட்டுமாவது சமையலைக் கணவர் பார்த்துக்கொள்ளட்டும்.